டோஸ்ட்ருப்பிலிருந்து வந்த ஒட்டாத மா

கிரின்ஸ்டெட்,
வெள்ளிக்கிழமை பின்னேரம்

அன்பும் மரியாதையும் நிறைந்த யேசுரட்ணம் சித்தப்பாவுக்கு,

உங்கள் பெறாமகள் லக்சனா எழுதிக்கொள்வது. இங்கே அப்பா, அம்மா, நான் மூவரும் ஆண்டவர் கிருபையால் சுகம். அடுப்பு மட்டும் சுகமில்லை. நீங்களும் விக்ரோரியா சித்தியும் அங்கே ஒரு குறையுமில்லாமல் இருக்க வேண்டுமென்று மாதாவை மன்றாடுகிறேன். உங்கள் முழங்கால் நோ குறைந்துவிட்டதா? சித்திக்குப் புதுக் கண்ணாடி பழகிவிட்டதா? ஒரு கடிதம் சுகம் விசாரித்துத்தான் தொடங்க வேண்டும் என்று தமிழ்ப் பள்ளிக்கூடத்தில் புஷ்பராணி ரீச்சர் சொல்லித் தந்திருக்கிறார். விசாரித்துவிட்டேன். இனி விஷயத்துக்கு வருகிறேன். நீங்கள் அனுப்பிய மா சரியில்லை.

இதைத் தொலைபேசியிலேயே சொல்லியிருக்கலாம். ஆனால் தொலைபேசியில் சொன்னால் நீங்கள் இரண்டு முறை "ஓம், ஓம்" என்று சொல்லிவிட்டுச் சித்தியிடம் கொடுப்பீர்கள், சித்தி அம்மாவைக் கேட்பார், அவர்கள் இருவரும் கதைக்கத் தொடங்கினால் எங்கள் வீட்டில் சோறு ஆறிவிடும், மாவைப் பற்றி ஒருவரும் வாய் திறக்கமாட்டார்கள். வாட்ஸ்அப்பில் எழுதினால் ஒரு ரோஜாப்பூவும் கும்பிடுகிற கையும் அனுப்புவீர்கள். தபாலில் போடலாம் என்றால் டென்மார்க் முழுக்கச் செய்தது போல எங்கள் தெருமுனையில் நின்ற சிவப்புத் தபால் பெட்டியையும் கழற்றிக்கொண்டு போய்விட்டார்கள். ஆகையால் நாளை காலை டோஸ்ட்ருப்புக்கு, உங்கள் பக்கம் வருகிற எங்கள் அயல்வீட்டுப் பிரியந்தன் அண்ணையிடம் இந்தக் கடிதத்தையும், சாட்சிக்கு ஒரு சிறிய பிளாஸ்ரிக் பெட்டியில் அந்த மாவையும் கொடுத்துவிடுகிறேன். அவர் ஞாயிறு காலை திரும்பி வருகிறார். வரும்போது அவருடைய காரில் எனக்குப் புது மா இருக்க வேண்டும். ஏன் என்று விளங்காவிட்டால் நீங்கள் அவசரப்படமாட்டீர்கள். ஆகவே முதலிலிருந்து எழுதுகிறேன்.

என் வகுப்பில் படிக்கிற நவோமியை உங்களுக்குத் தெரியாது. அவளுடைய அம்மா ஒடெத் அன்ரியை ஒருவேளை ஞாபகம் இருக்கலாம். கொங்கோ நாட்டுக்காரர், வைலே நகரில் பூசைக்கு வரும்போது முன்வரிசையில் நின்று எல்லோரையும்விட உரத்துப் பாடுகிறவர். போன வருடம் அம்மாவுக்குப் பித்தப்பையில் சத்திரசிகிச்சை செய்தபோது, ஒன்பது நாள், ஒவ்வொரு நாளும் வேலை முடிந்து நேரே எங்கள் வீட்டுக்கு வந்து சாப்பாடு தந்துவிட்டுப் போனவர் அவர்தான். கேட்காமலே வந்தார். நாங்கள் வேண்டாம் என்று சொல்லவும் விடவில்லை. அந்த ஒடெத் அன்ரி மூன்று கிழமைக்கு முன் தேவாலய வாசலில் பனிக்கட்டியில் சறுக்கி விழுந்து வலது மணிக்கட்டை உடைத்துக்கொண்டார். விரல் நுனியிலிருந்து முழங்கை வரை பிளாஸ்ரர். நவோமியின் அப்பா கிழமை நாட்களில் எஸ்பியா நகரில் வேலை செய்து அங்கேயே தங்குகிறார்.

உடனே அம்மா நன்றிக்கடன் செலுத்தத் தொடங்கினார். நாள்தோறும் சோறு, பருப்பு, மீன்குழம்பு. நான்தான் சைக்கிளில் கொண்டுபோய்க் கொடுத்தேன். போன திங்கட்கிழமை இடைவேளையில் நவோமி என்னை உடுப்பு மாட்டும் இடத்துக்குப் பின்னால் கூட்டிக்கொண்டு போய், யாருக்கும் சொல்லக்கூடாது என்று சத்தியம் வாங்கிவிட்டு, உண்மையைச் சொன்னாள். அவளுடைய அம்மா எங்கள் மீன்குழம்பில் மூன்று வாய் சாப்பிடுகிறாராம், பிறகு அரை லீற்றர் பால் குடிக்கிறாராம், பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, உன் அம்மாவுக்கு நன்றி சொல்லு என்கிறாராம். அதற்குப் பிறகு இரவில் பாணும் சீஸும்தான். "மெலிந்துவிட்டார். பாடுவதும் இல்லை. அவருக்கு ஃபுஃபு வேண்டும், வேறொன்றும் வேண்டாம். ஆனால் வீட்டில் கிண்ட ஆளில்லை" என்றாள் நவோமி. நீ கிண்டலாமே என்று கேட்டேன். இரண்டு முறை கிண்டினாளாம். அவளுடைய அம்மா கதிரையில் இருந்தபடி, இப்படி இல்லை, அப்படி இல்லை என்று கத்த, இவள் திருப்பிக் கத்த, இரண்டு முறையும் சட்டி அடிப்பிடித்து, இப்பொழுது இருவரும் அதைப் பற்றிக் கதைப்பதில்லை என்று ஒரு உடன்படிக்கை செய்திருக்கிறார்கள்.

நான் புத்தகங்களில் வாசித்து எதையும் செய்துவிடலாம் என்று நினைக்கிறவள். அது என் குறை. ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் நான் ஃபுஃபு கொண்டுவருவேன் என்று வாக்குக் கொடுத்துவிட்டேன்.

ஃபுஃபு என்றால் என்னவென்று உங்களுக்குச் சொல்ல வேண்டும், ஏனென்றால் கடைக்காரரோடு கதைக்கும்போது தேவைப்படும். மரவள்ளிக் கிழங்கு மாவைக் கொதிதண்ணீரில் போட்டு, அடுப்பிலேயே வைத்து, கை ஓயாமல் கிண்ட வேண்டும். அது முதலில் கட்டியாகும், பிறகு இறுகும், பிறகு ஒன்றாகத் திரண்டு சட்டியை விட்டுக் கழன்று ஒரே பந்தாக வரும். வெள்ளையாக, வழுவழுப்பாக, இழுத்தால் இழுபட வேண்டும். அதில் சிறிது கிள்ளி, பெருவிரலால் குழி செய்து, குழம்பில் தோய்த்து, மெல்லாமல் விழுங்குவார்கள். நூலகத்தில் இரண்டு புத்தகம் பார்த்தேன், மூன்று காணொளி பார்த்தேன். ஒரு காணொளியில் ஒரு அம்மா நாலு நிமிடத்தில் செய்து முடித்தார். இடையில் சிரித்துக்கொண்டும் இருந்தார்.

கிரின்ஸ்டெட்டில் அந்த மா கிடைக்காது என்பதால்தான் அப்பா உங்களைக் கேட்டார். நீங்கள் அன்றைக்கே வாங்கி, அடுத்த நாளே யாரோ ஒருவருடைய காரில் ஏற்றி அனுப்பினீர்கள். அதற்கு என் மனமார்ந்த நன்றி. செவ்வாய்க்கிழமை நான் பள்ளிக்கூடத்தில் நிற்கும்போது மா வந்து சேர்ந்தது. அம்மா வழக்கம்போலப் பைக்கற்றை வெட்டி, மாவைப் பிஸ்கற் தகரத்தில் போட்டு, பைக்கற்றின் முன்பக்கப் படத்தை மட்டும் வெட்டி மேலே வைத்திருந்தார். பின்பக்கத்தில்தான் முடிவுத் திகதி இருந்திருக்கும். அது குப்பையோடு போய்விட்டது. இதனால் கடைக்காரருக்கு எதிரான முக்கியமான சாட்சியம் ஒன்றை நாங்கள் இழந்துவிட்டோம் என்பதை முதலிலேயே ஒப்புக்கொள்கிறேன்.

புதன்கிழமை முதலாவது பரிசோதனை. ஐந்து டெசிலீற்றர் தண்ணீர், மூன்று டெசிலீற்றர் மா, எல்லாம் கொப்பியில் குறித்திருக்கிறேன். எங்கள் அடுப்பு கண்ணாடி அடுப்பு என்பது உங்களுக்குத் தெரியும். அகப்பைக் காம்பால் கிண்டக் கிண்டச் சட்டியும் கூடவே சுற்றுகிறது. நான் அடுப்பைச் சுற்றி நடக்கலாம் என்றால் பின்னால் சுவர். அப்பா வேலையால் வந்து சப்பாத்தும் கழற்றாமல், "நான் பிடிக்கிறன், நீ கிண்டு" என்று சட்டியின் இரண்டு காதையும் பிடித்தார். பிடித்ததோடு நின்றிருந்தால் நல்லது. "இது களிதானே பிள்ளை, களிக்கு உப்புப் போடவேணும்" என்று ஒரு கையை விட்டு உப்பை அள்ளிப் போட்டார்.

"அப்பா, ஃபுஃபுவுக்கு உப்புப் போடுறேல்லை. புத்தகத்திலை இருக்கு."

"புத்தகம் எழுதினவர் சாப்பிட்டுப் பாத்தவரே? உப்பில்லாமல் மனுசர் சாப்பிடுவினமே?"

பத்து நிமிடம் கிண்டினேன். திரளவில்லை சித்தப்பா. ஈர மணல்போல உதிர்ந்துகொண்டே இருந்தது. ஒரு மணி இன்னொரு மணியோடு சேரவில்லை. பதினைந்தாவது நிமிடத்தில் என் கை மரத்துப்போய், நான் அகப்பையை வைத்துவிட்டுக் கதிரையில் இருந்தேன். அப்பா ஒரு விரலால் எடுத்து வாயில் போட்டார். பிறகு ஒரு கரண்டி எடுத்தார். "இஞ்சேரப்பா, அருமையான பிட்டு. ஆர் சொன்னது பிழைச்சுப்போச்செண்டு?" என்று அம்மாவைக் கூப்பிட்டார். அம்மா தேங்காய்ப்பூவும் சீனியும் போட்டார். பத்து நிமிடத்தில் சட்டி காலி. பரிசோதனை தோற்றதற்கான தடயத்தைக்கூட எனக்கு விட்டுவைக்கவில்லை.

வியாழக்கிழமை பள்ளிக்கூடத்தில் நவோமி ஓடி வந்து, "அம்மா நேற்று இடது கையால் ஃபிரீசரிலிருந்து மீனும் மரவள்ளி இலையும் எடுத்து வெளியே வைத்துவிட்டார். ஞாயிறுக்கு என்று எல்லோருக்கும் சொல்லிக்கொண்டு திரிகிறார். குளிக்கும்போது பாடவும் செய்தார்" என்றாள். நான் கொப்பியைத் திறந்து புதன்கிழமைக் கணக்கைப் பார்த்தேன். சரி, தண்ணீர்தான் குறைவு என்று முடிவு செய்தேன். ஒரு பரிசோதனையில் ஒரே நேரத்தில் ஒரு விஷயத்தை மட்டுமே மாற்ற வேண்டும் என்று எங்கள் இரசாயன ஆசிரியர் சொல்லுவார். நான் தண்ணீரை மட்டும் மாற்றினேன். அப்பா, நான் கழிவறைக்குப் போன இரண்டு நிமிடத்துக்குள், வெப்பத்தையும் சட்டியையும் அகப்பையையும் மாற்றிவிட்டார். இந்த முறை மா தண்ணீருக்குள் குறுணி குறுணியாக நீந்தியது. எவ்வளவு கிண்டினாலும் குறுணி கீழே, தண்ணீர் மேலே. நான் அழவில்லை, ஆனால் மூக்கு எரிந்தது.

அம்மா எட்டிப் பார்த்தார். உடனே புளியைக் கரைத்தார். இறாலும் மீன்தலையும் பயித்தங்காயும் சட்டிக்குள் இறங்கின. கால் மணித்தியாலத்தில் வீடு முழுக்கக் கூழ் மணம். அப்பா பிரியந்தன் அண்ணைக்குத் தொலைபேசி எடுத்தார். அவர் வீட்டிலிருந்து சொந்தக் கிண்ணத்தோடு வந்தார். "லக்சனா, இப்பிடி ஒரு கூழ் நான் டென்மார்க்கிலை குடிக்கேல்லை. அடுத்த கிழமையும் காய்ச்சுறியோ?" என்று கேட்டார். இது கூழ் இல்லை, இது ஃபுஃபு என்று சொன்னேன். "என்னெண்டாலும் இன்னொரு அகப்பை விடு" என்றார்.

இன்றைக்கு மூன்றாவது. இதை எழுதும்போதும் என் தலைமயிரில் மா இருக்கிறது. நான் தண்ணீரும் மாவும் சரிபாதியாகப் போட்டு, முழுப் பலத்தோடு கிண்டினேன். அகப்பைக் காம்பு முறிந்தது. அப்பா, "பலம் காணாது, வேகம் வேணும்" என்று சொல்லிக் கீழே போய், பெயின்ற் கலக்குகிற கம்பியைத் துளைக்கிற மெசினில் பூட்டிக்கொண்டு வந்தார். கம்பி புதுசு, கழுவினது என்று என்னிடம் இரண்டு தரம் சொன்னார். வேண்டாம் என்று நான் சொல்லி முடிக்குமுன் மெசின் ஓடியது. மா கூரையில், யன்னலில், மாதா படத்துக் கண்ணாடியில், அப்பாவின் கண்ணிமையில். மிச்சம் அடிப்பிடித்துப் புகைத்தது. புகைமணி கத்தத் தொடங்கியது. அம்மா துவாயைச் சுழற்றிக்கொண்டு அதற்குக் கீழே நின்றார். அப்பா மெசினை நிற்பாட்டாமலே, "இப்ப பார், திரளுது" என்றார். திரளவில்லை. சட்டியில் மிஞ்சியது சிறு சிறு கட்டி. அம்மா அதற்குள் வெங்காயமும் செத்தல் மிளகாயும் வெட்டிப் போட்டு, தட்டையாகத் தட்டி, எண்ணெயில் பொரித்தார். அப்பா இப்பொழுது சோபாவில் இருந்து ஏழாவது வடை சாப்பிடுகிறார்.

இந்த வீட்டில் ஒரு பிள்ளையால் நிம்மதியாகத் தோற்கவும் முடியவில்லை சித்தப்பா. மூன்று நாளாக நான் தோற்கிறேன், மூன்று நாளாக என்னைத் தவிர எல்லோரும் வயிறு நிறையச் சாப்பிட்டு என்னைப் பாராட்டுகிறார்கள். ஒடெத் அன்ரி பாணும் சீஸும் சாப்பிடுகிறார்.

நான் அளவை மாற்றினேன், நேரத்தை மாற்றினேன், பலத்தை மாற்றினேன். மாறாதது ஒன்றுதான், அது மா. ஆகவே தர்க்கப்படி பிழை மாவில்தான். அது பழைய மாவாக இருக்கலாம், அல்லது வேறு எதையோ கலந்து விற்றிருக்கலாம். கடையின் பெயரை இந்தக் கடிதத்தில் எழுதமாட்டேன், அவதூறாகிவிடும். நீங்கள் செய்ய வேண்டியது, பிரியந்தன் அண்ணை வந்ததும் அவருக்குத் தேநீர் கொடுக்கச் சொல்லிச் சித்தியிடம் விட்டுவிட்டு, பெட்டியோடு நேரே கடைக்குப் போய், மாவைக் காட்டி, இது ஒட்டவில்லை என்று சொல்லுவது. அவர் சிரித்தால் நீங்கள் சிரிக்கக்கூடாது. "பரவாயில்லை தம்பி" என்று சொல்லவே கூடாது. போன கோடையில் காலைக் கடிக்கிற சப்பாத்தை மாற்றப் போய், அதையும் வைத்துக்கொண்டு அதே அளவில் இன்னொரு சோடியும் வாங்கிக்கொண்டு வந்தவர் நீங்கள் என்று சித்தி சொன்னார். தயவுசெய்து சித்தியையும் கூட்டிக்கொண்டு போங்கள். புது மாவின் பின்பக்கத் திகதியைப் படம் எடுத்து அனுப்புங்கள். நீங்கள் அனுப்பாவிட்டால் ஞாயிறு பதினொன்றரை மணிக்கு நான் வெறும் சட்டியோடு ஒடெத் அன்ரியின் வாசலில் நிற்பேன். எங்களுக்கு ஒன்பது நாள் சமைத்தவருக்கு ஒரு நாள்கூட என்னால் சமைக்க முடியவில்லை என்று அவரிடம் எப்படிச் சொல்லுவது? அவர் ஒன்றும் சொல்லமாட்டார். நன்றி என்பார். அதுதான் எனக்குப் பயம்.

கடிதம் நீண்டுவிட்டது, மன்னிக்கவும். உங்களுக்கும் சித்திக்கும் நல்ல சுகத்தையும், கடைக்காரர் முன்னால் தேவையான துணிவையும் ஆண்டவர் தரட்டும். அப்பா உங்களைச் சுகம் கேட்டதாக எழுதச் சொன்னார், வாயில் வடை இருந்ததால் மிச்சம் விளங்கவில்லை. உங்கள் செபத்தில் என்னையும், ஞாயிற்றுக்கிழமையையும் நினைத்துக்கொள்ளுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் அன்புள்ள பெறாமகள்,
லக்சனா ஸ்ரனிஸ்லாஸ்

பி.கு.: சித்தப்பா, கடைக்குப் போக வேண்டாம். மேலே எழுதிய நாலு பக்கத்தையும் வாசிக்காதது போல இருங்கள். நான் உறையை ஒட்டப்போகும் நேரத்தில் அம்மா, தானும் சித்திக்கு நாலு வரி எழுதுகிறேன் என்று வந்தார். வந்தவர் நின்றபடியே முழுக் கடிதத்தையும் வாசித்தார். மூன்றாம் பக்கத்துக்குப் பிறகு கண்ணாடியைக் கழற்றினார்.

"இதென்ன பிள்ளை, மா பழுதெண்டு எழுதியிருக்கிறாய்?"

"பழுதுதானே அம்மா. மூண்டு நாளா ஒட்டுதில்லை."

"மாவிலை ஒரு பிழையுமில்லை. நான் நல்லா அவிச்சு, ஆறவைச்சு, ரெண்டு தரம் அரிச்செல்லே தகரத்துக்கை போட்டனான்."

நான் உறையைக் கீழே வைத்தேன். எங்கள் வீட்டுக்கு வருகிற எந்தக் கோதுமை மாவையும் அம்மா முதல் வேலையாகத் துணியில் கட்டி ஆவியில் அவித்து அரித்துவிடுவார், அவித்த மா ஒன்றோடொன்று ஒட்டாது, அப்பொழுதுதான் பிட்டு உதிரியாக வரும் என்பார். ஆனால் ஃபுஃபு மாவையும் அப்படிச் செய்வார் என்று எந்தப் புத்தகத்திலும் போட்டிருக்கவில்லை.

"ஏன் அம்மா அவிச்சனீங்கள்?"

"மா வந்தால் அவிக்கிறதுதானே. சுகமில்லாத மனுசிக்குப் பச்சை மாவைக் குடுக்கேலுமே?"

"மூண்டு நாளாப் பாத்துக்கொண்டு நிண்டனீங்கள். ஒரு சொல்லுச் சொல்லேல்லையே."

"நீ கிண்டுறது காணாதெண்டு நினைச்சன்."

அப்பா சோபாவில் இருந்து, "வடை நல்லாத்தானே இருந்தது" என்றார். எனக்கு அப்பொழுது அழுகை வந்துவிட்டது. அம்மா என்னைப் பார்த்தார், கடிதத்தின் கடைசிப் பக்கத்தை இன்னொரு முறை பார்த்தார், பிறகு தொலைபேசியை எடுத்து ஒடெத் அன்ரியையே கூப்பிட்டார். முதியோர் இல்லத்தில் வேலை செய்து பழகிய டேனிஷில், காது கேளாதவருக்குச் சொல்வது போல, தான் மாவை அவித்துப் பழுதாக்கியதையும், மகள் மூன்று நாளாகக் கிண்டுவதையும், மீன்குழம்பில் இனித் தூள் குறைப்பதாகவும் சொன்னார். நவோமிக்குக் கொடுத்த சத்தியம் அதோடு போய்விட்டது. மறுபக்கத்தில் ஒடெத் அன்ரி சிரிப்பது எனக்கே கேட்டது. அவர் சிரித்துக்கொண்டே ஏதோ சொல்ல, அம்மா மெல்ல மெல்லக் கதிரையில் இருந்தார்.

"என்னவாம் அம்மா?"

"அவவின்ரை வீட்டிலை பத்துக் கிலோ மா கிடக்காம். மாவை ஆர் கேட்டதெண்டு கேக்கிறா. கிண்டக் கைதானாம் இல்லை."

சித்தப்பா, நான் இரண்டு புத்தகம் வாசித்தேன். நவோமியிடம் மா இருக்கிறதா என்று கேட்கவில்லை.

ஞாயிறு பூசை முடிந்ததும் நாங்கள் மூவரும் அங்கே போகிறோம். நான் கிண்டுவேன், நவோமி சட்டியைப் பிடிப்பாள், ஒடெத் அன்ரி கதிரையில் இருந்து கத்துவார், நான் திருப்பிக் கத்தமாட்டேன் என்று வாக்குக் கொடுத்திருக்கிறேன். பெட்டியில் வருகிற மாவைச் சித்தியிடம் கொடுங்கள், பிட்டுக்கு மிகவும் நல்லது. அப்பா மெசினைக் கொண்டுவரமாட்டார், காரை நானே சோதிப்பேன். ஆனால் வெறுங்கையோடு போகக்கூடாது என்று அம்மா இப்பொழுதே ஒரு பை கட்டிவிட்டார். திறந்து பார்த்தேன், மா அவிக்கிற ஸ்ரீமரும் அரிதட்டும் இருந்தன. வெளியே எடுத்து வைத்தேன். இந்த வரியை எழுதும்போது அவை மறுபடியும் பைக்குள் இருக்கின்றன.